அச்சில் வந்த முகம்

தை 4

பனி விட்டபாடில்லை. கதிரெல்லாம் ஈரம். அறுப்பு மெஷின் நாளைக்குத்தானாம்.

நீடாமங்கலத்திலிருந்து மகள் செல்வி போன். பள்ளிக்கூட டீச்சர். அவள் ஒன்றாம் வகுப்பு படித்தபோது அவள் சிலேட்டில்தான் நானும் எழுத்துப் பழகினேன். இணையத்தில் கலைக்களஞ்சியம் என்று ஒன்று, நம் ஊருக்கும் அதில் ஒரு பக்கம். யாரும் எழுதலாம், யாரும் திருத்தலாம். 'கூலித் தகராறில் முருகையன் என்ற தொழிலாளி கொல்லப்பட்டார்' என்று எழுதியிருக்கிறாள். என் அண்ணன். மறுநாளே எவனோ 'வாய்க்காலில் தவறி விழுந்து இறந்தார்' என்று மாற்றிவிட்டான். இவள் திரும்ப. அவன் திரும்ப.

"யாரும்மா அவன்?"

"டெல்டாக்காரன்னு பேரு வச்சிருக்கான்ப்பா. பண்ணை வீட்டு ஆளோ, கட்சி ஆளோ. தேர்தல் வருதுல்ல."

பண்ணை வீட்டுப் பேரன் நிற்கிறான். அதுதான்.

நான் பார்த்தவன். நெற்கட்டைச் சுமந்துகொண்டு களத்துக்குள் வந்தேன். கூலி கூடக் கேட்டதற்கு அண்ணனைப் பண்ணை ஆட்கள் மண்டையில் அடித்தார்கள். அப்புறம் தூக்கி வாய்க்காலில் போட்டார்கள். முழங்கால் தண்ணீர். அதில் முழுகிச் செத்தாராம்.

தை 5

மெஷின் வரவில்லை. மாத்திரை தீர்ந்தது, வாங்க வேண்டும்.

விடியலில் வயல் பக்கம். பனியில் எனக்கு முன்னால் வரப்பில் அண்ணன். தை பிறந்தால் வருவார். வெற்றுடம்பு, தலையில் துண்டு. திரும்பி, வாடா என்று தலையை அசைப்பார். பயமெல்லாம் இல்லை. பழகிவிட்டது.

காலையில் கொல்லப்பட்டார். மத்தியானம் தவறி விழுந்தார். பொழுது சாயக் கொல்லப்பட்டார். மூன்று தடவையும் செல்வி போன். ஒரு மனுஷன் எத்தனை தடவை சாவது.

தை 7

அறுத்தாயிற்று. ஈரம் அதிகம் என்று கொள்முதல் நிலையத்தில் நெல்லை எடுக்கவில்லை. ரோட்டிலேயே காய்கிறது.

பக்கத்தைப் பூட்டிவிட்டார்களாம். மேலே ஒரு பலகை மாதிரி: 'நடுநிலை கேள்விக்குரியது.' மேற்பார்வைக்காரர் எழுதியதைச் செல்வி படித்துக் காட்டினாள். நேரில் கண்டேன் என்பது ஆதாரமாகாது, அச்சில் வந்திருக்க வேண்டும். டெல்டாக்காரன் அந்தக் காலத்துப் பத்திரிகைத் துணுக்கு ஒன்று கொடுத்திருக்கிறான். தவறி விழுந்தார் என்று.

"மேற்பார்வைக்காரரு நல்ல மனுஷன்தான்ப்பா. அங்க ரூல் அப்படி. நம்மகிட்ட அச்சுல என்ன இருக்கு?"

ஒன்றும் இல்லை. போலீஸ் எழுதியதைப் பத்திரிகை போட்டது. நாங்கள் சொன்னதை யார் போட்டார்கள்.

அச்சில் வேண்டும், அவ்வளவுதானே.

தை 8

கீழ்வேளூர். பஸ் நிறைய வேளாங்கண்ணி கூட்டம். மாத்திரை வாங்கினேன். பிறகு பிரஸ். கம்ப்யூட்டர் முன்னால் ஒரு பையன். கண்ணீர் அஞ்சலி போஸ்டர் வேண்டும் என்றேன்.

"எப்ப தவறுனாங்க தாத்தா?"

"நீ பொறக்குறதுக்கு முன்னாடி."

ஒரு பார்வை பார்த்தான். "போட்டோ குடுங்க."

அண்ணனைப் படமே எடுத்ததில்லை.

"உங்க சாடைதானே இருப்பாரு? உங்களை எடுத்து வயசைக் கொறைச்சிடுறேன். இப்ப அதுவே செய்யுது. மூஞ்சி இல்லாத போஸ்டரை எவன் நின்னு படிப்பான்?"

நியாயமாகத்தான் பட்டது. சுருக்கம் போயிற்று. மீசை கறுத்தது. சட்டை ஒன்றும் மாட்டிவிட்டான். அண்ணன் சட்டை போட்டு நான் பார்த்ததில்லை.

'பண்ணை ஆட்களால் அடித்துக் கொல்லப்பட்ட' என்று சொன்னதும் அவன் கை நின்றது.

"பண்ணைன்னே போடணுமா?"

"போடு."

"அப்ப எங்க பிரஸ் பேரு கீழ வராது."

தை 9

ஒட்டியாயிற்று. பஸ் ஸ்டாப், ரேஷன் கடை, கொள்முதல் சுவர். பசை விரலில் இன்னும் போகவில்லை.

டீக்கடையில் ஒருத்தன்: "என்ன சித்தப்பா, உங்க காரியத்துக்கு இப்பவே சொல்லிட்டீங்க? கறி உண்டா?" எல்லாரும் சிரித்தார்கள். நானும்.

செல்விக்குப் போனில் படம் அனுப்பினேன். "நாமளே அடிச்சது செல்லாதுப்பா" என்றாள். அப்புறம், "அது யாரு படம்?"

தை 11

செல்வி அதைக் கலைக்களஞ்சியத்துக்கு அனுப்பவில்லை. டெல்டாக்காரனே போஸ்டரைப் படம் பிடித்துப் போட்டுவிட்டான். 'இதில் இருப்பது முருகையன் அல்ல. உயிரோடு இருக்கும் தம்பி. படமே பொய், செய்தி மட்டும் மெய்யா?' என்று எழுதியிருக்கிறான்.

என் முகம் தெரிந்தவன். இந்தத் தெருவில்தான் நடக்கிறான்.

மேற்பார்வை முடிவு: 'முருகையன் இறந்தார்.' அவ்வளவே. எப்படி என்று கிடையாது. அதுதான் நடுநிலை.

"நல்லதுக்குத்தானப்பா செஞ்சீங்க" என்றாள் செல்வி. குரல் சரியில்லை.

தை 12

பனி. வரப்பில் அண்ணன். இன்றைக்குச் சட்டையோடு. திரும்பினார். பிரஸ்காரன் செய்த முகம்.

அப்படியே உட்கார்ந்துவிட்டேன். கண்ணை மூடித் தேடினேன். அன்றைக்குக் களத்தில் யார் யார், எவன் கையில் என்ன கழி, அடி எந்தப் பக்கம் விழுந்தது, எல்லாம் இருக்கிறது. முகம் இல்லை. போன வாரம் வரை இருந்தது.

தை 13

அண்ணி வீடு. அண்ணன் போனபின் வேறு வாழ்க்கை பார்க்காதவர். கண் மங்கல். வாழைப்பழம் கொடுத்தேன்.

"அண்ணி, அண்ணன் முகம் எப்படி இருக்கும்?"

"ஏன் தம்பி, ரேஷன் கடையில ஒட்டிருக்கே. நல்லாத்தான் இருக்காரு."

"அது நான், அண்ணி."

"தெரியும்." பழத்தை உரித்தார், தின்னவில்லை. "எனக்கு முகம் மறந்து எத்தனையோ வருஷம் ஆச்சு. முதுகு மட்டும் வரும். அன்னைக்குக் களத்துக்குப் போனப்ப பாத்தது."

நாளைக்கு எல்லாவற்றையும் கிழிக்கப் போகிறேன் என்றேன். உரித்த பழத்தை என் கையில் கொடுத்தார்.

தை 14

வெயில் வந்துவிட்டது. பஸ் ஸ்டாப்பிலும் கொள்முதல் சுவரிலும் முகத்தை மட்டும் கிழித்தேன். எழுத்தை விட்டேன், இருக்கட்டும்.

ரேஷன் கடைக்குப் போனேன். அண்ணி போஸ்டர் முன்னால். கண்ணை ஒட்ட வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். திரும்பி வந்துவிட்டேன்.