வெறும் டப்பா

மூத்தவளுக்கு,

நீ கேட்ட ஃபிலிம் டப்பாவை இன்று தபாலில் போட்டிருக்கிறேன். திறக்கும் முன் இதைப் படி.

எரிக்கும் முன் உன் அப்பாவின் சவப்பெட்டியில் அவருக்குப் பிடித்ததையெல்லாம் வைத்தோம். உன் படச்சுருளையும் கொண்டுபோனேன். "தகரம் எரியாதும்மா, டப்பா வேண்டாம்" என்றார் தகனசாலை ஊழியர். சுருளை அவரோடு எரியவிட்டு, டப்பாவை மட்டும் திருப்பிக் கொண்டுவந்தேன்.

உன்னிடம் இன்னொரு பிரதி இருக்கும் என்று நினைத்தேன். டோக்கியோவில் திரையிடக் கேட்கிறார்கள், இருப்பது அது ஒன்றுதான் என்று நீ எழுதியதிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

அன்று ஹகோடாதே ஊரில் அந்தப் படத்தைப் போட்டுக் காட்டியபோது, பதினோரு பேர் முன்னால், "அம்மா தூங்கிட்டாங்க, அவங்களுக்கு என்ன புரியும்?" என்று சிரித்தாயே. நாற்பது வருடமாக அதை நான் மறக்கவில்லை. தூங்கவில்லையடி. பதினெட்டு நிமிடமும் எனக்கு மனப்பாடம். கணவாய் மீன் காயப்போடும் உன் அப்பாவின் முதுகு, நீ ஃபிலிமில் ஊசியால் கீறிய கோடுகள் மழையாக விழுவது, கடைசியில் அவர் திரும்பி வாயசைப்பது.

ஊமைப்படம். "போன்னு திட்டுறாரு" என்று எல்லாரிடமும் சொன்னாய். படம் எடுக்கும்போது கேமரா இரைச்சலில் அவர் சொன்னது உனக்குக் கேட்கவில்லை. உன் பின்னால் நின்ற எனக்குக் கேட்டது.

"ஏய், புள்ளைக்குக் கை வெறச்சுப்போச்சு பாரு. என் கையுறையக் கொண்டாந்து குடு."

நான் கொடுக்கவில்லை. படிப்பை விட்டுவிட்டு வந்தாயே என்ற கோபம்.

எனக்கு எண்பத்தாறு. பேத்தியைக் கூட்டிக்கொண்டு சீக்கிரம் வா. நான் சொல்லச் சொல்ல அவள் எழுதட்டும். படம் இனி என் தலைக்குள் மட்டும்தான் இருக்கிறது.

டப்பாவுக்குள் அந்தக் கையுறையை வைத்திருக்கிறேன்.

அன்று தூங்காத,
உன் அம்மா