விதிப்படி இரண்டு பிள்ளைகள்

நவ. 11, செவ்வாய்

காலையில் லேசான குளிர். குழாயில் தண்ணீர் சீக்கிரம் நின்றுவிட்டது. கணக்கு வீட்டுப்பாடம் பாக்கி.

இன்று வார்டுக் குலுக்கல். மாநகராட்சித் தேர்தலில் எந்தெந்த வார்டு பெண்களுக்கு என்று சீட்டுப் போட்டு எடுக்கிறார்கள். சீட்டை எடுப்பது பள்ளிக்கூடப் பிள்ளைகள். அண்ணன் போனில் பார்த்தோம். எங்கள் வார்டு பெண்களுக்கு! சந்து முழுக்க ஒரே சத்தம். பொதுக் கக்கூஸ் கதவுக்காக அம்மா பெண்களைக் கூட்டிக்கொண்டு வார்டு ஆபீஸ் வாசலில் போய் உட்கார்ந்தாளே, அன்றிலிருந்தே எல்லோரும் சொல்வதுதான், சண்முகத்தாய் அக்கா நிற்கணும் என்று.

பழைய நகர்சேவகர், அதாவது கவுன்சிலர், இனி இங்கே நிற்க முடியாது. அவர் மனைவி நிற்பாராம். சாயங்காலத்துக்குள் நாக்கா முச்சந்தியில் பேனர். அவர் படம் ஆளுயரம், அந்த அம்மா படம் பாஸ்போர்ட் சைஸ். அப்பாவுக்கு ஒரே சிரிப்பு. ஓட்டுக்கு அந்தம்மா, மத்ததுக்கெல்லாம் இவரு என்கிறார்.

குடிமையியல் பாடத்தில் படித்தது எங்கள் சந்துக்கே வந்துவிட்டது. அம்மாவுக்குப் பேச்சு நான்தான் எழுதிக் கொடுப்பேன். பாயிண்ட்: கக்கூஸ் கதவு, லைட். தண்ணீர் நேரம். பால்வாடிக் கூரை. இன்னும் யோசிக்க.

டிச. 14, ஞாயிறு

துணி துவைத்தேன். காயவில்லை.

செல்லையா அண்ணாச்சி வந்தார். எங்கள் பக்கத்துக் கட்சி ஆள். டிக்கெட் யாருக்கு என்று மேலே எடுத்துச் சொல்பவர். அம்மாவுக்குக் கிட்டத்தட்ட உறுதி என்றார். டீயைப் பாதி குடித்துவிட்டு, பிள்ளைகள் எத்தனை என்று கேட்டார். மூணு என்றாள் அம்மா. டம்ளரைக் கீழே வைத்துவிட்டார்.

விதி இருக்கிறதாம். குறிப்பிட்ட ஒரு தேதிக்குப் பிறகு மூன்றாவது பிள்ளை பிறந்திருந்தால் மாநகராட்சித் தேர்தலில் நிற்க முடியாது. அக்கா ஒன்று. அண்ணன் இரண்டு. அப்புறம் நான்.

அப்பாவுக்குக் கோபம். எம்.பி.க்குக் கிடையாது, எம்.எல்.ஏ.வுக்குக் கிடையாது, கக்கூஸ் கதவு கேக்கிறவளுக்கு மட்டும் எதுக்குய்யா என்றார். யாரும் என் பக்கம் பார்க்கவில்லை. அதிலேயே தெரிந்தது, எல்லோரும் என்னைத்தான் நினைக்கிறார்கள் என்று.

டிச. 15, திங்கள்

பள்ளிக்கூடம் விட்டதும் மாட்டுங்கா லைப்ரரி. சட்டப் புத்தகம் இங்கிலீஷில். டிக்‌ஷனரி வைத்துக்கொண்டு மெதுவாகப் படித்தேன். லைப்ரரி மாமா எட்டிப் பார்த்து, வக்கீலுக்குப் படிக்கப் போறியா, இப்பவே ஆரம்பிச்சுட்டியே, பேஷ் என்றார். ஆமாம் மாமா என்றேன்.

நான் தேடியது: பிள்ளையைத் தத்துக் கொடுத்துவிட்டால்? செல்லாதாம். கோர்ட்டே சொல்லிவிட்டது. பெற்றது பெற்றதுதான், யார் வளர்த்தாலும்.

அப்படியானால் என்னால் செய்ய முடிந்தது ஒன்றுமில்லை. நான் பிறக்காமல் இருந்திருக்க வேண்டும். அவ்வளவுதான்.

டிச. 18, வியாழன்

சயன்ஸ் டெஸ்ட். சுமார்.

வீட்டுக்கு வந்தால் பெரியம்மா. நகரத்தின் அடுத்த கோடி, சீத்தா கேம்ப்பிலிருந்து வந்திருக்கிறாள். அம்மாவின் அக்கா. பிள்ளை இல்லை. அண்ணாச்சியும் உட்கார்ந்திருந்தார். எல்லாம் பேசி முடித்திருந்தார்கள். நான் பெரியம்மா மகளாம். படிப்புக்காக இத்தனை நாள் சித்தி வீட்டில், அதாவது இங்கே, தங்கியிருந்தேனாம். தேர்தல் முடியும்வரை சீத்தா கேம்ப்.

"ஏட்டி, இதுல என்ன கஷ்டம்?" என்றார் அண்ணாச்சி. "அம்மாவ சித்தின்னு கூப்பிடு. பெரியம்மாவ அம்மான்னு கூப்பிடு. பெரியம்மாங்கிறதுலயே அம்மா இருக்குல்லா. முன்னால உள்ளத விட்டுரு."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நல்ல ஜோக்தான்.

அம்மா சிரிக்கவில்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை. அதைச் சொல்வாள் என்று அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அரிசி களையப் போய்விட்டாள்.

பையில்: யூனிஃபார்ம் இரண்டு, புத்தகங்கள், ஸ்வெட்டர், இந்த நோட்டு. தேர்தல் முடிஞ்ச அன்னிக்கே கூட்டிட்டு வந்துருதேன் என்று அம்மா பஸ் ஸ்டாப்பில் சொன்னாள்.

டிச. 31, புதன்

சீத்தா கேம்ப். காற்றில் கடல் சேறு வாடை. மூக்கடைப்பு.

அம்மாவின் வேட்புமனு பரிசீலனை நாள். யாராவது ஆட்சேபித்தால் என்னைக் கூப்பிடுவார்கள் என்று புது சுடிதார் போட்டு, தேர்தல் ஆபீஸுக்கு எதிரே பெரியம்மாவோடு நிற்க வைத்தார்கள். சித்தி, சித்தி என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டே இருந்தேன். மராத்தியில் கேட்டால் மாவ்ஷி. அது சுலபம். அம்மா வேலை பார்க்கிற பால்வாடியில் எல்லாப் பிள்ளைகளும் அம்மாவை மாவ்ஷி என்றுதான் கூப்பிடும். வேலை செய்கிற எல்லாப் பெண்களும் இந்த ஊரில் மாவ்ஷிதான்.

யாரும் கேட்கவில்லை. மனு சரி என்று சொல்லிவிட்டார்களாம்.

ஏன் என்று அண்ணாச்சி டீக்கடையில் சொன்னார். பழைய நகர்சேவகர் மனைவிக்கும் மூன்று பிள்ளை. கடைசிப் பெண்ணை ஊரில் ஹாஸ்டலில் விட்டிருக்கிறார்கள். அவர்களுக்கு என்னைத் தெரியும், எங்கள் ஆட்களுக்கு அவளைத் தெரியும். "அவனும் வாயத் தொறக்க மாட்டான், நாமளும் தொறக்கப்படாது." இரண்டு மனுவும் செல்லும். எல்லாம் ஒழுங்காக நடந்தது.

அந்தப் பெண் பேர் என்ன என்று கேட்டேன். யாருக்கும் தெரியவில்லை.

ஜன. 9, வெள்ளி

எங்கள் வார்டில் அம்மாவின் பிரசாரக் கூட்டம். வரக்கூடாது என்றார்கள். போனேன். அம்மா பேசும்போது கூட்டத்தோடு நின்று கேட்டுவிட்டு வந்துவிடலாம் என்று.

நான் எழுதிய பேச்சுதான். கதவு, லைட், தண்ணீர், கூரை, வரிசை மாறவில்லை. அம்மாவுக்குக் குரல் நன்றாக எழும்பியது. "ராத்திரி பிள்ளைகளைக் கக்கூஸுக்கு அனுப்பிவிட்டு வாசலில் நிற்கும் தாய்மார்களே" என்று ஓர் இடத்தில் எழுதியிருந்தேன். அம்மா கொஞ்சம் மாற்றிவிட்டாள். எனக்கும் ரெண்டு பிள்ளைங்க இருக்கு, நானும் நின்னவதான் என்றாள். கைதட்டல். இதுவரை வந்ததிலேயே பெரிய கைதட்டல்.

இறங்கி வந்தபோது என்னைப் பார்த்துவிட்டாள். கூட இருந்த மராத்திக்கார அம்மா, இவள் யார், அப்படியே உன் ஜாடை என்றாள்.

"பெஹன் கி லட்கி" என்றாள் அம்மா. அக்கா மகளாம். ஒரு தடுமாற்றமும் இல்லை. அந்த அம்மா போன பிறகு, நாங்கள் இரண்டு பேர் மட்டும் நின்றபோது, என் துப்பட்டாவைச் சரிசெய்யக் கையைத் தூக்கினாள். பிறகு சுற்றிப் பார்த்துக் கையை இறக்கிக்கொண்டாள்.

பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தது.

ஜன. 16, வெள்ளி

அம்மா ஜெயித்துவிட்டாள்.

பெரியம்மா வீட்டில் போனில் பார்த்தேன். குலால் பொடி, பட்டாசு, அப்பா தோளில் யாரோ ஒரு குழந்தை. நாலு பேர் நின்றார்கள். மற்ற மூன்று பேரின் ஓட்டைக் கூட்டினால் அம்மாவுக்கு விழுந்ததைவிட அதிகம். வேண்டாம் என்றவர்கள்தான் அதிகம். ஆனாலும் அம்மாதான் நகர்சேவகி. பாதிக்கு மேல் வாங்க வேண்டியதில்லை, மற்ற ஒவ்வொருவரையும்விட அதிகம் வாங்கினால் போதும். பரீட்சையில் இதை எழுதி முழு மார்க் வாங்கியிருக்கிறேன்.

பையைக் கட்டி வைத்துவிட்டேன். ஸ்வெட்டரை மட்டும் பையில் வைக்காமல் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

பேடா பெட்டியோடு அண்ணாச்சிதான் வந்தார். பையைப் பார்த்தார். பிரி தாயி என்றார். தோற்றுப்போனவளுக்கு இனி எந்தப் பயமும் இல்லை, அவள் பெண் எங்கே இருந்தாலும் யார் கேட்கப் போகிறார்கள், நாளைக்கே கேஸ் போடுவார்கள் என்று விளக்கினார். நான் வீட்டில் இருப்பதை ஒருவர் நிரூபித்தால் போதும், அம்மா பதவி போய்விடும்.

எவ்வளவு நாளைக்கு என்று கேட்டேன்.

"பதவி அஞ்சு வருசம்லா."

அம்மா தோற்றிருந்தால் இந்நேரம் வீட்டில் இருப்பேன். அந்த ஹாஸ்டல் பெண் ஒருவேளை இன்றே வீட்டுக்குக் கிளம்பியிருப்பாள். ஜெயிப்பதற்குப் பேச்சு எழுதியது நான். அந்தக் கைதட்டல் வரவேண்டும் என்று மூன்று தடவை திருத்தி எழுதினேன்.

பேடா சாப்பிடவில்லை. பையைப் பெரியம்மாவே பிரித்தாள்.

ஜன. 19, திங்கள்

வெயில். பள்ளிக்கூடம் போகவில்லை. இங்கேயே மாற்றிவிடலாம் என்று பேச்சு. தமிழ் மீடியம் இருக்கிறதா தெரியவில்லை. பெரியம்மா விசாரிக்கப் போயிருக்கிறாள்.

சாயங்காலம் அம்மா போன். பால்வாடிக் கூரையைப் பார்க்க இன்ஜினியர் வந்தாராம். அம்மாவை மேடம் என்றாராம். நடந்தது எல்லாவற்றையும் சொன்னாள், சின்னப் பிள்ளை மாதிரி. மூக்கடைப்பு போச்சா என்றாள். சாப்பிட்டியா என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை மட்டும், இருட்டின பிறகு, வந்துவிட்டுப் போகட்டுமா என்று கேட்டேன்.

பக்கத்தில் ஆள் இருக்கிறதா என்று காதை வைத்துக் கேட்டேன். பேச்சுச் சத்தமே இல்லை. எங்கள் வீட்டு ஃபேன் கடகடப்பது மட்டும்.

"நல்லாப் படி" என்றாள். "சித்தி அப்புறம் பேசுதேன்."