இரவல் விளக்கு

அன்புள்ள கணவருக்கு,

வெர்மான்டில் நல்ல வெயில். வைக்கோல் கொட்டகை மேடையில் வெந்துகொண்டே நடிக்கிறோம்.

எங்கள் கோடை நாடகக்குழு வாரம் ஒரு நாடகம் போடும், மேடைச் சாமான்களை ஊர்க்காரர்களிடம் இரவல் வாங்கும். உங்களுக்குத் தெரியாததா? இந்த வாரம் ஒரு நீலப் பீங்கான் விளக்கு வந்திருக்கிறது. அடியில் விரிசல், அதில் மஞ்சள் பசை. நம் பாஸ்டன் வீட்டு விளக்கையும் நான் அப்படித்தான் ஒட்டியிருந்தேன். அது உடைந்துபோனதால் குப்பையில் போட்டுவிட்டதாகச் சொன்னீர்களே.

யார் வீட்டு விளக்கு என்று, சாமான்களைப் பார்த்துக்கொள்ளும் டோரிஸிடம் கேட்டேன்.

"ஏரிக்கரை மிஸஸ் விட்காம் குடுத்தாங்க. பாத்துடி, உடைச்சிடாதே! யாரோ ஆசையா குடுத்ததாம். சொல்லும்போதே அவங்க மூஞ்சி செவந்துபோச்சு."

தினமும் இரண்டாம் காட்சியில் அதை ஏற்றிவைத்து, வராத புருஷனுக்காகக் காத்திருக்கிறேன். சனங்கள் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள்.

சனிக்கிழமையோடு இந்த நாடகம் முடிகிறது. வேலை அதிகம், வர முடியாது என்று எழுதியிருந்தீர்கள். பரவாயில்லை. முடிந்த மறுநாளே இரவல் சாமானை உரியவர் வீட்டில் சேர்ப்பது எங்கள் வழக்கம். விளக்கை நானே கொண்டுபோவதாகச் சொல்லிவிட்டேன்.

நான் தட்டும்போது, தயவுசெய்து நீங்கள் வந்து கதவைத் திறக்காதீர்கள்.

இப்படிக்கு,
இன்றுவரை உங்கள் மனைவி