இந்த வருடத்து நோட்டீஸ்

2 மார்ச் 2015

மேல் வீட்டில் குடியிருக்கும் தம்பிக்கு,

ஜூன் முதல் தேதியிலிருந்து உன் வாடகை ஐந்து சதவீதம் கூடும். வருடத்துக்கு ஒரு தடவை, ஐந்துக்கு மேல் போகாமல் கூட்டலாம் என்பது சட்டம். மூன்று மாதம் முன்னதாக எழுத்தில் தெரிவிக்க வேண்டுமாம். தெரிவித்துவிட்டேன்.

அப்பா வீட்டை என் பேருக்கு எழுதினார் என்று என்னோடு பேச்சை நிறுத்தியவன் நீ. "ஓசியில இருக்க மாட்டேன், வாடகை குடுத்துதான் இருப்பேன்"னு முறுக்கிக்கொண்டதும் நீதான். இரு.

வீட்டுக்காரி

5 மார்ச் 2015

வீட்டுக்கார அம்மாவுக்கு,

மூன்று மாதத்துக்கு ஒரு நாள் குறைகிறது. நோட்டீஸ் செல்லாது. வேறு எழுதவும்.

குளியலறைக் குழாய் ஒழுகுகிறது. நாளெல்லாம் பஸ் ஓட்டிவிட்டு வந்து படுத்தால் அந்தச் சொட்டுச் சத்தம் தூங்க விடுவதில்லை.

மேல் வீடு

6 மார்ச் 2015

தம்பிக்கு,

ஜூலை முதல் என்று வைத்துக்கொள். வக்கீலாகியிருக்க வேண்டியவன் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டிருக்கிறாய். சனிக்கிழமை பிளம்பர் வருவார். அவரிடமாவது வாயைத் திற.

வீட்டுக்காரி

28 பிப்ரவரி 2016

தம்பிக்கு,

ஜூலையிலிருந்து மறுபடியும் ஐந்து. நீ இளைத்துவிட்டாய் என்று எதிர்க் கடைக்காரர் சொன்னார். வாடகைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. ஆனாலும் எழுதினேன்.

வீட்டுக்காரி

4 மார்ச் 2016

வீட்டுக்கார அம்மாவுக்கு,

நோட்டீஸில் இந்த முறை குற்றம் எதுவும் கிடைக்கவில்லை. உங்கள் இருமல் மாடி வரை கேட்கிறது. டாக்டரைப் பார்க்கக் கூடாது என்று எந்தச் சட்டமும் இல்லை.

மேல் வீடு

10 ஏப்ரல் 2017

அக்காவுக்கு,

இந்த வருடம் நோட்டீஸ் வரவில்லை. டியூட்டிக்குப் போகும்போதும் வரும்போதும் தபால் பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டேன். கூட்டலாம் என்றுதான் சட்டம், கூட்டியே ஆக வேண்டும் என்றில்லை. அது எனக்கும் தெரியும்.

ஆனால் நீ எனக்கு எழுதுவது அது ஒன்றுதான். காலையில் மோட்டார் போடும் சத்தம் கேட்கிறது, இருமல் கேட்கவில்லை. என் மேல் கோபமா? எவ்வளவு வேண்டுமானாலும் கூட்டிக்கொள். சட்டம் பேச மாட்டேன்.

தம்பி

11 ஏப்ரல் 2017

தம்பிக்கு,

மாத்திரையில் இருமல் நின்றுவிட்டது. நோட்டீஸை பிப்ரவரியிலேயே எழுதி உறையில் போட்டுவிட்டேன். நீயாகக் கேட்கிறாயா பார்க்கலாம் என்றுதான் பெட்டியில் போடவில்லை. கேட்டுவிட்டாய், கிழித்துவிட்டேன்.

வாடகை கூடவில்லை. இனிமேல் எதையும் எழுத்தில் தர மாட்டேன். கதவுக்குத் தாழ் போடவில்லை.

அக்கா