நாள் நகராத அறை

சேசு மரி சூசை துணை

இனயம்,
14 செப்டம்பர் 2013

அன்புள்ள லிஜாவின் அப்பாவுக்கு,

தோஹாவில் நீங்கள் நல்ல சுகத்தோடு இருக்க மாதாவை வேண்டிக்கொண்டு செல்வி எழுதுவது. போனில் மாமாவைப் பற்றி வாயெடுத்தாலே டியூட்டி இருக்கிறது என்று வைத்துவிடுகிறீர்கள். கடிதத்தை அப்படி வைக்க முடியாது. தங்கையன் அண்ணன் லீவு முடிந்து நாளை அங்கே வருகிறார். அவர் கையில் கொடுத்துவிடுகிறேன்.

லிஜா நாலாங்கிளாசில் நன்றாகப் படிக்கிறாள். உங்கள் தங்கச்சி ரெஜிஷாவுக்கு இது ஏழாம் மாதம். கால் வீங்கியிருக்கிறது. அந்தக் காலை வைத்துக்கொண்டு, நான் மாமாவின் அறைக்குள் போகும் நாட்களில் என் வீட்டையும் அவள்தான் பார்க்கிறாள்.

மாமா வலையில் வந்த அந்த வெண்கலப் பானையை நீங்கள் கண்ணால் பார்த்ததில்லை. அதனால்தான் அப்பாவை அதன் பக்கத்திலேயே வைத்திரு என்று சொல்வது உங்களுக்கு எளிதாக இருக்கிறது. ஒரு குடம் அளவுதான் இருக்கும். கழுத்தைச் சுற்றி யாருக்கும் வாசிக்கத் தெரியாத எழுத்து. சவேரியார் இந்தக் கரைக்கு வருவதற்கு எத்தனையோ காலம் முன்னால் உள்ளது என்றார் பங்குச்சாமி. அது இருந்த அறையில் மறந்து வைத்த அயிலை மீன் ஒரு வாரம் கழிந்தும் கெடாமல் கிடந்தபோது போனில் நீங்களும் சிரித்தீர்கள். அந்த அறைக்குள் நாள் நகராது என்று பிறகுதான் தெரிந்தது.

2010 ஈஸ்டருக்கு, இனி ஒரு வாரம்கூடத் தாங்காது, வீட்டுக்குக் கொண்டுபோங்கள் என்று நாகர்கோவிலில் டாக்டர் சொன்னார். நீங்கள் வரும்வரைக்கும் என்றுதான் மாமாவை அந்த அறையில் படுக்க வைத்தோம். மூன்று வருஷம் கழிந்துவிட்டது.

உள்ளே மாமாவுக்கு மூன்று நாலு நாள்கூட ஆகியிருக்காது. ஒரு வாய் கஞ்சி கொடுத்து, துணி மாற்றிவிட்டு வந்தால் எனக்கு இங்கே இரண்டு நாள் போயிருக்கும். லிஜா முதல் நற்கருணை வாங்கும் புதுநன்மைக்கு முந்தின நாள் சாயங்காலம் தண்ணீர் கொடுக்கப் போனேன். வெளியே வரும்போது பூசை முடிந்து, விருந்து முடிந்து, வெள்ளை உடுப்போடு அவள் ரெஜிஷா மடியில் தூங்கிக்கொண்டிருந்தாள். இப்போது நான் அந்தக் கதவைத் தொட்டாலே, "அம்மா, போவாதிய" என்று சேலையைப் பிடித்துக்கொள்கிறாள்.

வேதனையில் மாமா ஒருமுறை முனகினால், நான் அரிசி களைந்து, உலை வைத்து, சோறு வடிக்கும்வரை அந்தச் சத்தம் வீட்டில் நிற்காது. அதைக் கேட்டுக்கொண்டு சாப்பிட்டுப் பாருங்கள். அப்புறம் சொல்லுங்கள், இன்னும் கொஞ்சம் பொறு என்று.

ஸ்பான்சர் விடவில்லை என்றீர்கள். பிறகு கம்பெனி மாறியதால் லீவு இல்லை என்றீர்கள். எல்லாவற்றையும் நம்பினேன். போன ஈஸ்டருக்கே உங்களுக்கு லீவு கிடைத்தது, நீங்கள்தான் வேண்டாம் என்றீர்கள் என்று தங்கையன் அண்ணன் வாய்தவறிச் சொல்லிவிட்டார். எனக்கு வந்த கோபத்தில் கையிலிருந்த சட்டியைத் தரையில் போட்டு உடைத்தேன். பிறகு உட்கார்ந்து யோசித்தேன். நீங்கள் வராதவரை அவர் இருப்பார். அதுதானே?

அன்றைக்கு உள்ளே போனபோது மாமா, "மக்கா, ஜான்ரோஸ் பிளேன் ஏறியாச்சா?" என்று கேட்டார். வந்துகொண்டிருக்கிறார் என்று சொல்ல இந்த முறை நாக்கு வரவில்லை. லிஜாவுக்குப் புதுநன்மை கழிந்துவிட்டது மாமா என்றேன். "யூகேஜி படிக்க புள்ளைக்கா?" என்று சிரித்தார். பள்ளிக்கூடம் ஒரு நாள் போனால் போகட்டும் என்று லிஜாவை உள்ளே கூட்டிப்போனேன். என் தோள் உயரம் இருக்கிறாள். மாமா அவளைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். அவள் கையைப் பிடித்துத் தடவிக்கொண்டே இருந்தார். கடைசியில், "ஏட்டி, அந்தச் சாமானத்த எடுத்து கடல்ல போடச் சொல்லு. அவன்ட்ட கேக்காண்டாம்" என்றார்.

அண்ணன் சொல்லாமல் தொடக்கூடாது என்று ரெஜிஷா அழுதாள். அவள் மாப்பிள்ளை ஜேசுதாஸ் முதலில் தலையை ஆட்டவில்லை. மாமா சொன்னதை லிஜா வாயால் கேட்ட பிறகு சம்மதித்தார். வருகிற வியாழக்கிழமை காலையில் அதை வள்ளத்தில் ஏற்றிப் போய், எடுத்த இடத்திலேயே தாழ்த்துகிறார். உடனே போட வேண்டாம் என்று நான்தான் தடுத்தேன். இந்தக் கடிதம் உங்களுக்குக் கிடைக்கட்டும் என்று.

நான் உங்களிடம் அனுமதி கேட்கவில்லை. அதன் பிறகு மாமாவுக்கு மிச்சம் இருப்பது, டாக்டர் சொன்னதில் ரெண்டு மூன்று நாள். ஜன்னல் பக்கம் கட்டிலைப் போட்டுக் கடலைப் பார்க்க வைப்பேன். பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டிருப்பேன். அதில் நான் உட்காரமாட்டேன்.

திருவனந்தபுரத்தில் இறங்கியதும் நேரே வீட்டுக்கு வாருங்கள். யாருக்கும் ஒன்றும் வாங்க நிற்க வேண்டாம். பெட்டிகூட வேண்டாம். மாதா உங்களை வேகம் கரை சேர்க்கட்டும்.

உங்கள்
சகாயசெல்வி