நடக்காத வகுப்புக்கு நாற்பது கையெழுத்து

அன்புள்ள அப்பாவுக்கு,

அமுதவள்ளி வணக்கத்துடன் எழுதுவது. கால் வீக்கம் வடிந்ததா? மாத்திரையை விடாதீர்கள். நான் நலம், கோபம்தான் இன்னும் ஆறவில்லை.

இங்கே கொச்சி மட்டாஞ்சேரியில் எங்கள் மசாலா கம்பெனிக் கிடங்கில் ஒரு கூத்து நடந்தது. ஊழியர் எல்லோருக்கும் நேர்மைப் பயிற்சி கொடுத்ததாகத் தலைமை அலுவலகத்துக்குக் காட்ட வேண்டுமாம். அப்படியொரு வகுப்பே நடக்கவில்லை. இஞ்சி தரம்பிரிக்கும் நாற்பது தமிழ்ப் பெண்களுக்கும் என்னையே கையெழுத்துப் போடச் சொன்னார் மேனேஜர் சஜீவன்.

“வெறும் பேப்பர் அல்லே மோளே, ஒப்பிட்டுக் கொடு,” என்றார் மலையாளத்தில். ஒப்பு என்றால் கையெழுத்து.

“நேர்மைக்கே கள்ளக் கையெழுத்தா சார்? நான் போடமாட்டேன்.”

மறுநாளே என்னை மிளகாய் அரைக்கும் கூடத்துக்குத் தள்ளிவிட்டு, வேறு யாரையோ வைத்துப் போட்டுக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை தலைமை அலுவலகத்து மேடம், வகுப்பு நடந்ததா என்று விசாரிக்க வந்தார். பெண்களிடம் தமிழில் பேச என்னைக் கூப்பிட்டார்கள். இஞ்சி தரம்பிரிக்கும் ஒச்சம்மாள் அக்காவிடம் கையெழுத்துத் தாளை நீட்டி, இது உங்கள் கையெழுத்தா என்று கேட்டேன்.

“எனக்குக் கைநாட்டுதானேடி தெரியும்!” என்றார் அக்கா.

நடந்ததை எல்லாம் மேடத்திடம் சொல்லிவிட்டேன். குறித்துக்கொண்டார். ஆனால் சஜீவன் அதே நாற்காலியில்தான் இருக்கிறார். நானும் மிளகாய்க் கூடத்தில்தான் இருக்கிறேன்.

யாராவது இங்கே வந்தால், மூக்கைச் சுற்றிக் கட்ட இரண்டு பருத்தித் துண்டு கொடுத்துவிடுங்கள். புதுசு வேண்டாம், நீங்கள் போட்ட பழசே போதும்.

இன்று நிஜமாகவே வகுப்பு நடக்கிறது. நான்தான் பாடத்தைத் தமிழில் வாசிக்க வேண்டும். தவறைச் சொன்னவரைத் தண்டிக்கக் கூடாது என்பது முதல் வரி. அதை சஜீவன் முகத்தைப் பார்த்து இரண்டு முறை வாசிக்கப் போகிறேன்.

கூப்பிடுகிறார்கள் அப்பா.

உங்கள் மகள்,
அமுதவள்ளி