பழைய வகையை மூடுகிற ஞாயிறு

ஜூலை 10, புதன்

மேகம். மழை இல்லை. மலை பாதிக்கு மேல் காணவில்லை. சயின்ஸ் ரெக்கார்டு பாக்கி.

பள்ளி விட்டு நேராக அக்கா வேலை செய்யும் ஆஸ்பத்திரி. மூன்றாம் மாடி, கம்ப்யூட்டர் ரூம். ஏசி குளிர். சுவெட்டர் மறந்தேன்.

அக்காவுக்கு இந்த வாரம் பெரிய வேலை. அவள் சொன்னது, எனக்குப் புரிந்த மட்டும்: காலையில் பாஸ்வேர்டு போட்டால் சர்வர் ஒரு டிக்கெட் தரும். அதைக் காட்டி நாள் முழுக்க லேப், மருந்துக்கடை, வார்டு என்று எல்லா கம்ப்யூட்டருக்குள்ளும் போகலாம். டிக்கெட்டைப் பூட்டித்தான் தரும். பூட்டு இரண்டு வகை. பழைய வகை ஆர்.சி.ஃபோர், சுலபமாக உடைத்துவிடலாம். புது வகை ஏ.இ.எஸ். ஞாயிறு சாயங்காலம் ஆறு மணிக்குப் பழையதை மூடப்போகிறாள். ஆனால் வருடக்கணக்காகப் பாஸ்வேர்டு மாற்றாதவர்களுக்குப் புது வகைச் சாவியே கிடையாது. மாற்றினால்தான் சர்வர் செய்யும். அதற்குள் மாற்றாதவர்கள் வெளியே நிற்க வேண்டியதுதான்.

மாற்றாதவர்கள் பதினோரு பக்கம். நான் பேர் படிக்க, அக்கா ஒவ்வொருவருக்கும் மெசேஜ்.

"தூங்கிக்கினே படிக்காத பாப்பா. வேகமா."

வேலையை விட்டுப் போனவர்கள் பேரும் அதில். ஒருவர் பெங்களூர். ஒருவர் ஸ்ரீ சிட்டியில் ஏதோ கம்பெனி. ஒரு நர்ஸ், குவைத். ஆள் போய்விட்டது, பேர் இங்கேயே உட்கார்ந்திருக்கிறது. அம்மாவும் குவைத்தில்தான், ஒரு வீட்டில் சமையல். அந்த நர்ஸ் லிஃப்டில் ஏறுகிறாள், உள்ளே அம்மா, கையில் மீன் பை, இரண்டு பேரும் பேசாமல் மேலே மேலே போகிறார்கள். மாடியே முடியவில்லை. நினைவு வந்தபோது வாய் தானாக ஏதோ பேரைப் படித்துக்கொண்டிருந்தது.

மேனேஜர் சார் தெலுங்கில் கத்திக்கொண்டே உள்ளே வந்தார். "ஏம்மா, ஈ பிள்ள எவரு? லோபலிகி ரானீயொத்து!" யார் இந்தப் பெண், உள்ளே விடாதே என்கிறார். அக்கா முகம் செத்துப்போனது. புத்தகத்தை எல்லாம் வாரிக்கொண்டு ஓடிவந்தேன்.

ஜூலை 12, வெள்ளி

காற்று. துணி இரண்டு பறந்துபோய்ப் பக்கத்து மாடியில்.

சோஷியல் புத்தகத்துக்குள் ஒரு தாள். ஏழாம் பக்கம். முப்பத்திரண்டு பேர்.

நான் இதைப் படிக்கவில்லை. ஆறு படித்தேன், எட்டு படித்தேன். நடுவில் லிஃப்டில் போய்க்கொண்டிருந்தேன்.

முதல் வரி: ரத்த வங்கி.

அக்கா பக்கத்தில் தூங்குகிறாள். சொன்னால் அடிப்பாளா என்ன, அடிக்கமாட்டாள். ஆனால் அவள் மேனேஜரிடம் சொல்ல வேண்டும். லிஸ்ட் யார் கையில் கொடுத்தாய் என்று கேட்பார். வெளி ஆள், அதுவும் ஒன்பதாம் வகுப்பு. வேலை போகும். வேலை போனால் ரூம் இல்லை, எனக்கு இந்தப் பள்ளி இல்லை. ஊருக்கே, குடிபாலாவுக்கு பஸ்.

சொல்லாவிட்டால்?

ஜூலை 13, சனி

சொல்லத்தான் இருந்தேன். அக்கா படியிலேயே கத்திக்கொண்டு வந்தாள். "பாப்பா! பர்மனென்ட் லெட்டர் அடுத்த வாரம் குடுக்கறாங்களாம்!" துண்டைத் தலையில் சுற்றிக்கொண்டு ஆடினாள். கோழி பிரியாணி. இரண்டு வாய்க்கு மேல் இறங்கவில்லை.

ஊருக்கு, அப்பாவுக்குப் போன் போட்டாள். நைனா: "லெட்டர் கைக்கு வரட்டும். வரலன்னா ரெண்டு பேரும் ஊருக்கு வந்துடுங்க. மாப்ள வூட்ல கேட்டுக்கினே கீறாங்க."

"மாப்ளய வேற எங்கனா பாத்துக்க சொல்லு நைனா," என்றாள் அக்கா. அவ்வளவு தைரியம், ஒரு லெட்டர் பேச்சுக்கே.

மத்தியானம் கொஞ்சம் தூங்கினேன். கனவு. மலைப்பாதை விளக்குகள் எல்லாம் ரத்தப் பைகள். காற்றில் மெதுவாக ஆடுகின்றன. ஒவ்வொன்றிலும் ஒரு சின்னப் பூட்டு. கீழே ஒரு பெண் அண்ணாந்து நிற்கிறாள். அழகாகத்தான் இருந்தது.

ஜூலை 14, ஞாயிறு

சர்ச்சில் என்ன பிரசங்கம் என்று கேட்டால் தெரியாது.

நாலு மணிக்கு அக்கா கிளம்பினாள். ஐந்து வரை சுவரைப் பார்த்தேன். பிறகு ஷேர் ஆட்டோ. வாட்ச்மேனிடம் அக்கா சாப்பாடு மறந்துவிட்டாள் என்று பொய். கையில் டிபன் பாக்ஸ் கூட இல்லை. விட்டுவிட்டார்.

மூன்றாம் மாடி. மேனேஜர் சாரும் அங்கேயே. மணி 5:40. தாளை நீட்டினேன். "அக்கா, இத நான் படிக்கல."

அக்கா பார்த்தாள். என்னை இல்லை, தாளை. உடனே ரத்த வங்கிக்குப் போன். ஸ்பீக்கரில் ஒரு அம்மா: "பாஸ்வேர்டா? மார்ச்சலேதண்டி. எவரூ செப்பலேதே." மாற்றவில்லை, யாரும் சொல்லவில்லையே.

"சார், இன்னிக்கு மூட வேணாம்," என்று தெலுங்கில் அக்கா. "ஒரு பக்கம் விட்டுப்போச்சு."

"லிஸ்ட் எவரு சதிவாரு?" யார் படித்தது.

"நேனே சார்." நான்தான்.

மேனேஜர் என் யூனிஃபார்ம் ஷூவைப் பார்த்தார், தாளைப் பார்த்தார். "அடுத்த ஞாயிறு. லெட்டர் சங்கதி தர்வாத சூத்தாம்." லெட்டர் விஷயம் அப்புறம்.

பஸ்ஸில் ஜன்னல் சீட்டை எனக்கே விட்டாள். மலை அடிவாரம், அலிபிரி வந்ததும் கேட்டாள்.

"எப்ப தெரியும்?"

"வெள்ளிக்கிழம."

"ஏன்டி சொல்லல?"

"பயம்."

"எனக்கு மட்டும் இன்னாவாம்?"

அவ்வளவுதான். தூரத்தில் மழை இறங்கிக்கொண்டிருந்தது, எங்கள் மேல் இல்லை.

ஜூலை 17, புதன்

லெட்டர் வந்தது. பர்மனென்ட் இல்லை. இன்னும் மூன்று மாதம் பார்ப்பார்களாம். கையெழுத்து மேனேஜர். அக்கா அதை நாலாக மடித்து அரிசி டப்பா மேல் வைத்தாள். நைனா போனில் அதை இரண்டு தடவை படிக்கச் சொன்னார். பிறகு, "செரி. மூணு மாசம் இருங்க."

பர்மனென்ட் ஆகவிடாமல் செய்தது நான். அக்கா அதைச் சொல்லவே இல்லை. சொன்னால் தேவலை.

யூனிட் டெஸ்ட், மேத்ஸ் 14/25.

ஜூலை 21, ஞாயிறு

நல்ல மழை. நான் ரூமில். ஆஸ்பத்திரிப் பக்கமே வரக்கூடாது என்று உத்தரவு.

ஏழாம் பக்கத்து முப்பத்திரண்டு பேரையும் அக்கா வாரம் முழுக்க நேரில் போய்ப் பார்த்தாள். ரத்த வங்கி அம்மாவை மூன்று தடவை.

ஆறு மணி. மழைச் சத்தத்தில் கடிகாரம் கேட்கவில்லை. 6:10. ரத்தப் பைகள் கண்ணுக்குள் மெதுவாக ஆட ஆரம்பித்தன. 6:25 போன்.

"மூடிட்டேன் பாப்பா. ரத்த வங்கி உள்ள போயிட்சி. லேப் போயிட்சி. எல்லாம் போயிட்சி." குரல் ஒரு மாதிரி. அழுகிறாளா?

"அப்புறம் இன்னா?"

"ஒரே ஒருத்தருக்கு மட்டும் தொறக்கல." சிரிப்பை அடக்குகிறாள். "மேனேஜர் சாரு. ரெண்டாம் பக்கத்துல கீறாரு. மெசேஜ் போட்டேன், எனக்கேவான்னு உட்டுட்டாரு. மூணு மாசம்னு கையெழுத்து போட்ட கை, இப்போ என் நாற்காலி பின்னால நின்னுக்கினு உள்ள உடும்மான்னு கேக்குது."

"நீ இன்னா சொன்ன?"

"வெளிய உக்காருங்க சார், அஞ்சு நிமிசம்னேன்."